பிள்ளையின் டெப்பும் நம் பின் நம்பரும்

ஞாயிறு பெற்றோர் கூட்டத்தில் சங்கத்தின் மாதர் பிரிவும் இளைஞர் பிரிவும் சேர்ந்து வழங்கிய உரை



சம்பளம், வீடு, காணி என்று பேசுகிற சங்க மேடையில் இன்று போன் விளையாட்டைப் பற்றிப் பேசப் போகிறோம் என்றதும் சிலர் சிரித்தீர்கள். பரவாயில்லை. ஆனால் மாதர் பிரிவுக் கூட்டம் எந்த டிவிஷனில் வைத்தாலும், கொழுந்து கிலோவைப் பற்றிய பேச்சு முடிந்த கையோடு தாய்மார் எடுக்கிற அடுத்த பேச்சு இதுதான். "பய டெப்பக் கீழ வைக்க மாட்டேங்கிறான்." "காலையில ரீலோட் போட்டா ராத்திரிக்குள்ள காணாமப் போயிருது." "கேட்டா பாடம் பாக்குறேன்னு சொல்றா, கிட்ட போனா மூடிப்புடுறா." ஒரு வீட்டுப் பிரச்சினை என்றால் அந்த வீட்டோடு முடிந்திருக்கும். எல்லா லயத்திலும் இதே பேச்சு என்றால் அது சங்கம் பேச வேண்டிய விஷயம்தான்.

நம் வீடுகளுக்கு டெப் வந்த கதை எல்லோருக்கும் தெரியும். 2020 மார்ச்சில் கொரோனாவால் பாடசாலைகளை மூடினார்கள். பாடம் வட்ஸ்அப்பிலும் சூமிலும் வரும் என்றார்கள். சிக்னலைத் தேடிப் பிள்ளைகள் மலை உச்சியில் ஏறி, பொலித்தீன் தாளைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்த காலம் அது. தோட்டை அடகு வைத்துப் போன் வாங்கியவர்கள் இந்தக் கூட்டத்திலும் இருக்கிறீர்கள். கொழும்பில் கடையில் நிற்கும் மகன் பாவித்த டெப் ஒன்றை அனுப்பினான். குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போன தங்கை வரும்போது ஒன்று கொண்டுவந்தாள். பிறகு பாடசாலை திறந்தது. டெப் மட்டும் வீட்டிலேயே நின்றுவிட்டது. இன்றைக்கும் பல பாடசாலைகளில் வீட்டுவேலை வட்ஸ்அப் குறூப்பில்தான் வருகிறது. ஆகவே, "பிடுங்கிப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டுங்கள்" என்று அறிவுரை சொல்லிவிட்டுப் போவது எங்களுக்குச் சுலபம். உங்களுக்கு அது நடக்காத காரியம். அதனால் அதை நாங்கள் சொல்லவில்லை.

நேரக் கணக்கைக் கொஞ்சம் பாருங்கள். விடியக் காலையில் நாம் பெரட்டுக்குப் போய்விடுகிறோம். பாடசாலை பகல் ஒன்றரைக்கு விடுகிறது. கடைசி நிறுவை முடிந்து, மடுவத்திலிருந்து வீடு வந்து சேர நமக்கு ஐந்து மணியாகிறது. நடுவில் மூன்றரை மணி நேரம். பிள்ளைக்காம்பராவில் ஐந்து வயதுக்கு உட்பட்டதுகளைத்தான் பார்த்துக்கொள்வார்கள். ஏழு வயதுப் பிள்ளைக்கும் பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்கும் அந்த நேரத்தில் தோட்டத்தில் ஓர் இடமும் இல்லை. மழைக்காலம் என்றால் இஸ்தோப்பைத் தாண்ட முடியாது. அப்பாயி இருக்கிறார், ஆனால் அவரும் காலையிலிருந்து விறகு, தண்ணீர், அடுப்பு என்று அலைந்துவிட்டு அந்த நேரத்தில்தான் கொஞ்சம் சாய்வார். "சத்தம் போடாம இருந்தா சரி" என்று டெப்பை எடுத்துக் கொடுத்துவிடுகிறார். அவரைக் குறை சொல்ல நமக்கு வாய் இல்லை.

விளையாட்டு என்றதும் நம் நினைவுக்கு வருவது கிட்டியும் கிளித்தட்டும்தான். இருட்டினால் அந்த விளையாட்டு முடிந்துவிடும். டெப்பில் இருக்கிற விளையாட்டுக்கு இருட்டு கிடையாது. அது தானாக முடியாதபடிதான் செய்யப்பட்டிருக்கிறது. நம் பையன்கள் அதிகம் ஆடுகிற பிரீ பயரையே எடுத்துக்கொள்ளுங்கள். 2017இல் வந்த விளையாட்டு. ஒரு மேட்சில் 50 பேர். ஒரு மேட்ச் ஏறத்தாழப் பத்து நிமிடம். நான்கு பேர் சேர்ந்து ஓர் அணியாகவும் ஆடலாம். நடுவில் எழுந்து போனால் மற்ற மூன்று பேரும் ஏசுவார்கள், புள்ளியும் குறையும். "ஒரு நிமிஷம் இரும்மா, இந்த மேட்ச் மட்டும்" என்று அவன் சொல்வது முழுக்கப் பொய்யில்லை. அதனால்தான் நாங்கள் தாய்மாரிடம் நிமிடக் கணக்கில் பேச வேண்டாம் என்கிறோம். "அரை மணி நேரம்" என்று சொன்னால் மேட்ச் நடுவில் அது முடியும், சண்டை வரும். "மூன்று மேட்ச்" என்று சொல்லுங்கள். மூன்றாவது முடிந்ததும் டெப் நம் கைக்கு வர வேண்டும். அவனுக்கும் அது நியாயமாகப் படும்.

இன்னொன்று சொன்னால் உங்களுக்குச் சிரிப்பு வரும். இந்த கேம்களிலும் பேர் போடுகிறார்கள்! தினமும் ஒரு தடவை உள்ளே போனால் ஒரு பரிசு. ஏழு நாள் விடாமல் போனால் பெரிய பரிசு. ஒரு நாள் விட்டால் சில கேம்களில் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். கூட்டு ஒப்பந்தக் காலத்தில் 75 வீதம் வேலைக்கு வந்தால்தான் வருகைக் கொடுப்பனவு என்று வைத்திருந்தார்களே, காய்ச்சலோடும் மலைக்குப் போனோமே, அதே கணக்குத்தான். நம்மை மலைக்கு இழுத்த தந்திரத்தை நம் பிள்ளையிடமும் வைத்திருக்கிறார்கள். வித்தியாசம் என்னவென்றால், நமக்குச் சம்பளமாவது வந்தது. அங்கே பிள்ளை நேரத்தையும் கொடுக்கிறான், நம் காசையும் கொடுக்கிறான்.

காசு விஷயத்துக்கு வருவோம். இதில்தான் அதிகம் அடிபடுகிறோம்.

இறக்குவதற்கு இலவசம் என்று போட்டிருக்கும். உள்ளே போனால் உடுப்பு, துப்பாக்கிக்கு நிறம், நடனம் என்று எல்லாவற்றுக்கும் விலை. அந்த விலையும் ரூபாவில் இருக்காது, டயமண்டில் இருக்கும். ரூபாவைக் கண்ணில் காட்டினால் பிள்ளைக்கே கை நடுங்கும் அல்லவா. போதாததற்கு, சுற்றிவிட்டு என்ன விழுகிறதென்று பார்க்கிற சக்கரமும் உண்டு. திருவிழாக் கடையில் இருக்கிற சக்கரம்தான். அங்கே நாம் பிள்ளையின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்துவிடுவோம். இங்கே அவன் போர்வைக்குள் படுத்துக்கொண்டு சுற்றுகிறான். நாட்சம்பளம் 2021இல் 1,000 ரூபாவாகவும் 2024இல் 1,350 ரூபாவாகவும் ஏறுவதற்கு நாம் எத்தனை நாள் றோட்டில் நின்றோம் என்பது உங்களுக்குத் தெரியும். இரண்டு நாள் சம்பளம் ஒரு மாலையில் டயமண்டாகப் போய்விடுகிறது.

அது போகிற வழிகளைத் தெரிந்துகொண்டால் அடைத்துவிடலாம். வெளிநாட்டிலிருந்து காசு வருகிற வீடுகளில் வங்கிக் காட் இலக்கத்தை யாரோ ஒரு நாள் போனில் அடித்துக் கொடுத்திருப்பார்கள். அது அங்கேயே நின்றுவிடும். காட் இல்லாவிட்டாலும், ரீலோட் மிச்சத்திலிருந்தே பிளே ஸ்டோருக்குக் காசு கட்டுகிற வசதி இருக்கிறது. டவுனில் கொமியுனிகேஷன் கடையில் காசைக் கொடுத்து டயமண்ட் போட்டுக்கொள்கிற வழியும் உண்டு; பஸ் காசு அதற்குத்தான் போகிறது என்று சில பிள்ளைகளே எங்களிடம் சொன்னார்கள். கேமுக்குச் சம்பந்தமே இல்லாமல், எதையோ அமத்தியதால் தினமும் சில ரூபா வெட்டுகிற சேவைகளும் நம் சிம்மில் ஏறியிருக்கும். அதை வாடிக்கையாளர் சேவை இலக்கத்துக்கு எடுத்து, "என் இலக்கத்தில் என்னென்ன சேவை ஓடுகிறது, எல்லாவற்றையும் நிறுத்துங்கள்" என்று தமிழிலேயே கேளுங்கள். வெட்கப்பட வேண்டாம். உங்கள் காசு.

பிளே ஸ்டோரில் செய்ய வேண்டியது இதுதான். பிளே ஸ்டோரைத் திறந்தால் மேலே வலது மூலையில் ஒரு சிறு வட்டம், படமோ எழுத்தோ போட்டிருக்கும். அதை அமத்துங்கள். 'பேமன்ட்ஸ்' என்று ஆரம்பிக்கிற வரிக்குள் போனால் காசு கட்டும் வழிகள் இருக்கும்; காட் இருந்தால் அதை எடுத்துவிடுங்கள். திரும்பி வந்து 'செட்டிங்ஸ்' போங்கள். வாங்கும்போது ஒவ்வொரு தடவையும் பாஸ்வேர்ட் கேட்கும்படி வைக்கிற இடம் அதற்குள் இருக்கிறது. அதே செட்டிங்ஸில் 'பெமிலி' என்பதற்குள் 'பேரன்டல் கொன்ட்ரோல்ஸ்' இருக்கும். அதை ஒன் செய்தால் நான்கு இலக்கப் பின் நம்பர் ஒன்று கேட்கும், பிறகு எத்தனை வயதுக்குரிய கேம் வரை இறக்கலாம் என்று கேட்கும். பிள்ளையின் வயதைப் பார்த்துப் போடுங்கள். இந்தப் பூட்டு இனிமேல் இறக்குவதைத்தான் தடுக்கும். ஏற்கனவே உள்ளே இருக்கிற கேமை நாமே பார்த்து அழிக்க வேண்டும். பக்கத்து லயத்துப் பையன் புளூடூத்தில் அனுப்புகிற கேமையும் இது தடுக்காது.

பின் நம்பரைப் பற்றி ஒரு வார்த்தை. நீங்கள் பிறந்த ஆண்டு வேண்டாம். போன் இலக்கத்தின் கடைசி நான்கும் வேண்டாம். பிள்ளைக்கு அதுதான் முதலில் தோன்றும். "எனக்குத் தெரியாது, நீயே அடி" என்று பிள்ளையிடமே கொடுத்துப் பூட்டைப் போடச் சொன்னால், கள்ளனிடமே சாவியைக் கொடுத்த கதைதான். இன்னொன்று: உங்கள் போனில் யார் யாருடைய கைரேகை பதிந்திருக்கிறது என்று பாருங்கள். போன் வாங்கிய அன்று விளையாட்டாகப் பிள்ளையின் விரலை வைத்திருப்பீர்கள். அந்த விரல் இன்றும் திறக்கும்.

இதற்கெல்லாம் முன்னால் ஒரு கேள்வி இருக்கிறது. உங்கள் போனில் இருக்கிற ஜிமெயில் யாருடையது? நாங்கள் கேட்ட இடமெல்லாம் முக்கால்வாசிப் பேரின் பதில், "கடையில தம்பி போட்டுத் தந்தான்" என்பதுதான். பாஸ்வேர்ட் தெரியாது. சிலருக்குக் கடைக்காரரின் ஜிமெயிலே போனில் ஓடுகிறது. ஜிமெயில் என்பது வீட்டு உறுதிப் பத்திரம் மாதிரி. அது நம் பெயரில் இல்லையென்றால் எந்தப் பூட்டையும் நாம் போட முடியாது, போனாலும் பிடிக்க முடியாது. ஆகவே முதல் வேலை, உங்கள் பெயரில், உங்கள் போன் இலக்கத்தைக் கொடுத்து ஒரு ஜிமெயில் திறப்பது. பாஸ்வேர்டை எழுதி அடையாள அட்டையோடு வையுங்கள். டெப்புக்கு உள்ளே வேண்டாம். பிள்ளைக்குத் தனியாக ஒன்று திறக்கும்போது உண்மையான பிறந்த திகதியைப் போடுங்கள். பத்து வயதுப் பிள்ளை தானே திறந்துகொண்டு 1995இல் பிறந்ததாகப் போட்டிருப்பதைப் பார்த்தோம். அப்படிப் போட்டால் கூகிள் அவனைப் பெரியவன் என்றே நினைத்து நடத்தும்.

வீட்டில் இரண்டு கருவி, அதாவது தாயிடம் ஒரு நல்ல போனும் பிள்ளையிடம் டெப்பும் இருந்தால், ஃபேமிலி லிங்க் என்ற செயலி உதவும். கூகிளுடையது, காசு இல்லை. அதில் நம் ஜிமெயிலையும் பிள்ளையின் ஜிமெயிலையும் இணைத்துவிட்டால், பிள்ளை புதிய கேம் கேட்கும்போது கேள்வி நம் போனுக்கு வரும்; நாம் சரி என்றால்தான் இறங்கும். ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம், இரவில் எத்தனை மணிக்கு டெப் மூட வேண்டும் என்பதையும் அதில் வைக்கலாம். மலையில் சிக்னல் இல்லாதபோது நாம் புதிதாக ஒன்றைப் போட்டால் அது போய்ச் சேராது. ஆனால் முதலே வைத்த நேரக் கணக்கு அது பாட்டுக்கு வேலை செய்யும்.

ஒரே ஒரு போன்தான் வீட்டில் என்றால்? நம்மில் பெரும்பாலோர் அப்படித்தான். சாம்சங் என்றால் 'கிட்ஸ்' என்று ஒன்று இருக்கும். அதைத் திறந்து கொடுத்தால் நாம் அனுமதித்ததை மட்டும் பிள்ளை பார்க்கும், வெளியே வர நம் பின் நம்பர் வேண்டும். மற்றப் போன்கள் பலவற்றில் செட்டிங்ஸில் செக்கியூரிட்டி என்ற பகுதிக்குள் 'அப் பின்னிங்' இருக்கும். பாட வீடியோவைத் திறந்து அதைப் பின் செய்து கொடுத்தால் பிள்ளை அதைவிட்டு வேறெங்கும் போக முடியாது. பின்னை எடுக்கும்போது பூட்டு இலக்கத்தைக் கேட்கும்படி வைக்க மறக்க வேண்டாம்.

ஆனால் இவை எல்லாவற்றையும்விட நம் தோட்டத்துக்கு நன்றாகப் பொருந்துகிற ஒரு வழியை ஒரு தாய்தான் எங்களுக்குச் சொன்னார். மூன்று பிள்ளைகளின் தாய், கொழுந்து எடுப்பவர், ஐந்தாம் வகுப்பு வரைதான் படித்தவர். அவர் டெப்பிலிருந்த சிம்மைக் கழற்றிவிட்டார். மாலையில் வேலை முடிந்து வந்ததும் தன் போனில் ஹொட்ஸ்பொட்டைப் போடுகிறார். அந்த நேரத்தில் வட்ஸ்அப்பில் வந்த வீட்டுவேலையைப் பிள்ளைகள் எடுத்துக்கொள்கிறார்கள், கல்வி அமைச்சின் ஈ-தக்சலாவவிலிருந்து வேண்டியதை இறக்கிக்கொள்கிறார்கள். முடிந்ததும் ஹொட்ஸ்பொட்டை நிறுத்திவிடுகிறார். மறுநாள் பகலில் டெப் வீட்டில்தான் இருக்கிறது. பாடம் இருக்கிறது, நெட் இல்லாமல் ஆடுகிற செஸ், கெரம் மாதிரி கேமும் இருக்கிறது. நெட் இல்லாததால் விளம்பரம் வராது, காசு போகாது, முன்பின் தெரியாத ஆள் பேச முடியாது. அவசரத்துக்குப் பேச அப்பாயியிடம் ஒரு பட்டன் போன் கொடுத்திருக்கிறார். ஹொட்ஸ்பொட் பாஸ்வேர்டை மாதத்துக்கொரு தடவை மாற்றுகிறாராம். எங்கள் இளைஞர் பிரிவில் கம்பியூட்டர் படித்த பிள்ளைகள் வாயைப் பிளந்துவிட்டார்கள்.

முன்பின் தெரியாத ஆள் என்று சொன்னோம். காசைவிட நமக்குப் பயமான விஷயம் அதுதான். கேமில் மைக் இருக்கிறது. அணியில் இருக்கிற மற்ற மூன்று பேர் யார், எந்த ஊர், என்ன வயது என்று பிள்ளைக்குத் தெரியாது. "அண்ணா டயமண்ட் போட்டுத் தாறேன், வட்ஸ்அப் நம்பரத் தா" என்று ஆரம்பிப்பான். அடுத்தது படம் அனுப்பச் சொல்வான். அதற்கடுத்தது, "சொன்னதச் செய்யலன்னா இந்தப் படத்த உங்க அம்மாவுக்கு அனுப்புவேன்" என்பான். தாய் வெளிநாட்டில், தகப்பன் கொழும்பில் என்றால் அந்தப் பிள்ளை யாரிடம் போய்ச் சொல்லும்? பெண் பிள்ளைகளுக்கு மட்டும் நடக்கிறது என்று நினைக்க வேண்டாம்; ஆண் பிள்ளைகளுக்கும் நடக்கிறது, அவர்கள் இன்னும் சொல்ல மாட்டார்கள்.

ஆகவே இன்றைக்கே வீட்டுக்குப் போய்ப் பிள்ளையிடம் ஒரு விஷயத்தைச் சொல்லிவையுங்கள்: "என்ன நடந்தாலும் சொல்லு, டெப்பைப் பறிக்க மாட்டேன், அடிக்க மாட்டேன்." இதை நடப்பதற்கு முன்னால் சொல்ல வேண்டும். நடந்த பிறகு சொன்னால் நம்ப மாட்டார்கள். அப்படி ஒன்று தெரிய வந்தால் அந்த ஆளோடு சண்டைக்குப் போகாதீர்கள், காசு கட்டாதீர்கள், மெசேஜையும் அழிக்காதீர்கள். அந்தத் திரையைப் படம் எடுத்து வைத்துக்கொண்டு, ஆளைப் புளொக் செய்யுங்கள். தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் இலக்கம் 1929. பொலிஸ் நிலையத்தில் சிறுவர் மற்றும் மகளிர் பணியகத்துக்கும் போகலாம். தனியாகப் போகத் தயக்கம் என்றால் மாதர் பிரிவுத் தோழிகள் கூட வருவார்கள். லயத்துக்குள் அது பேச்சாகாமல் பார்த்துக்கொள்வார்கள்.

இரவைப் பற்றியும் பேச வேண்டும். பல டேட்டா பெக்கேஜ்களில் நடுச்சாமத்துக்குப் பிறகு 'நைட் டேட்டா' என்று தாராளமாகக் கொடுக்கிறார்கள். பகல் டேட்டா முடிந்த பிள்ளை அதற்காக விழித்திருக்கிறது. பத்தடிக்குப் பன்னிரண்டடிக் காம்பராவில் ஐந்து பேர் படுக்கிற வீட்டில், ஒருவன் போர்வைக்குள் வெளிச்சம் போட்டால் மற்ற நான்கு பேருக்கும் தூக்கம் போகிறது. காலையில் பாடசாலையில் தலை சாய்கிறது. இதற்கு எந்தச் செயலியும் வேண்டாம். சார்ஜர் தாயின் தலைமாட்டில் இருக்கட்டும். எட்டரைக்கு எல்லாப் போனும், தகப்பனின் போனும் சேர்த்துத்தான், அங்கே வர வேண்டும். தகப்பன் டிக்டொக் பார்த்துக்கொண்டே "நீ படு" என்றால் எந்தப் பிள்ளை படுக்கும்?

கைக்குழந்தைகளைப் பற்றி நீட்டாமல் சொல்லிவிடுகிறோம். உலக சுகாதார ஸ்தாபனம் 2019இல் சொன்னது: இரண்டு வயது வரை திரையே வேண்டாம், இரண்டிலிருந்து நான்கு வயது வரை நாளுக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம். சோறு ஊட்டப் போனைக் காட்டுவதை விட்டுவிடுங்கள். பதினைந்து, பதினாறு வயதுப் பையன்கள் விஷயம் வேறு. காசு கட்டிக் காசு வெல்லலாம் என்று வருகிற செயலிகள் கேமே இல்லை, அது சூது. அதைக் கண்டால் பேச்சுவார்த்தைக்கு இடமில்லை.

மாதர் பிரிவின் சார்பில் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். பல வீடுகளில் இந்தப் பிரச்சினைக்குத் தீர்வு என்று மகளிடமிருந்து மட்டும் டெப்பைப் பறித்துவிடுகிறீர்கள். மகன் இஸ்தோப்பில் உட்கார்ந்து ஆடுகிறான், மகள் பீலிக்குத் தண்ணீர் எடுக்கப் போகிறாள். பிறகு அவளுக்குக் கணக்கு வரவில்லை என்கிறீர்கள். மூன்று மேட்ச் என்றால் இரண்டு பேருக்கும் மூன்று மேட்ச். தண்ணீரும் இரண்டு பேருக்கும்.

இப்போது நாங்கள் சொல்ல வந்த முக்கியமான விஷயம். இவ்வளவு பூட்டையும் ஒரு வீட்டில் ஒழுங்காகப் போட்டுவிட்டீர்கள் என்று வைத்துக்கொள்வோம். பிள்ளை என்ன செய்வான்? சுவருக்கு அந்தப் பக்கம் போவான். லயம் என்பது அப்படித்தான். பன்னிரண்டு காம்பராவில் பதினொன்று பூட்டியிருந்தாலும் ஒன்று திறந்திருந்தால் எல்லாப் பிள்ளையும் அந்த இஸ்தோப்பில் இருக்கும். கோபத்தில் டெப்பைச் சுவரில் அடித்து உடைத்த தகப்பன்மாரும் நம்மிடையே உண்டு. மறுநாள் அந்தப் பிள்ளை அடுத்த வீட்டில் ஆடிக்கொண்டிருந்தான். பத்தாயிரக்கணக்கில் கடன் மட்டும்தான் மிச்சம். டவுனில் மதில் கட்டிய வீட்டுக்காரர் தன் வீட்டுக்கு மட்டும் சட்டம் போடலாம். நமக்கு அந்த வசதி இல்லை. நாம் லயத்தோடு சேர்ந்துதான் போட முடியும். அதில் ஒரு நன்மையும் இருக்கிறது. எல்லா வீட்டிலும் ஒரே நேரம் என்றால், "அவனுக்கு மட்டும் ஏன்?" என்ற கேள்விக்கு இடமில்லை. பிரீ பயர் அணியின் நான்கு பேரும் ஒரே லயத்துப் பிள்ளைகள் என்றால், நான்கு பேருக்கும் ஒரே நேரத்தில் மேட்ச் முடியும். ஆளைக் கைவிட்டுப் போகிற குற்றமும் இல்லை.

எனவே ஒவ்வொரு லயத்திலும் தாய்மார் உட்கார்ந்து பேசி ஒரு நேரத்தை வையுங்கள். எத்தனை மணி என்று நாங்கள் சொல்ல மாட்டோம். பிள்ளைகளையும் கூட்டி வைத்துப் பேசுங்கள். பூட்டு போட்டிருப்பதை ஒளிக்காதீர்கள். ஏன் போட்டோம் என்று சொல்லுங்கள். ஒளித்து வைத்தால் அதை உடைப்பதே அவர்களுக்கு ஒரு கேம் ஆகிவிடும்.

அந்த மூன்றரை மணி நேரத்துக்கு என்ன செய்வது என்பது மிச்சம் இருக்கிறது. அதைப் பெற்றோர் தலையில் மட்டும் போட முடியாது. நம் தோட்டத்தில் வாசிகசாலை என்று ஒரு கட்டடம் பூட்டிக் கிடக்கிறது, உரமூட்டை அடுக்கியிருக்கிறார்கள். விளையாட்டு மைதானத்தின் பாதியில் லொறி நிற்கிறது. பாடசாலை விட்டு ஐந்து மணி வரை பிள்ளைகள் இருக்க அந்தக் கட்டடத்தைத் திறந்து தர வேண்டும், கூரைத் தகரத்தை மாற்றித் தர வேண்டும், மைதானத்தைத் துப்புரவாக்கித் தர வேண்டும் என்று நிர்வாகத்துக்குக் கடிதம் எழுதியிருக்கிறோம். உயர்தரம் எழுதிவிட்டு வீட்டில் இருக்கிற பிள்ளைகள் ஆறு பேர் முறை வைத்துப் பார்த்துக்கொள்ளச் சம்மதித்திருக்கிறார்கள். அவர்களுக்கு ஒரு கொடுப்பனவு வேண்டும் என்பதையும் கடிதத்தில் கேட்டிருக்கிறோம். இலவசமாக வேலை வாங்குவதில் நமக்கு நம்பிக்கை இல்லை, அது நம் பிள்ளைகளிடம் என்றாலும். பதில் இன்னும் வரவில்லை. அடுத்த பேச்சுவார்த்தையில் சம்பளப் பட்டியலோடு இதையும் மேசையில் வைப்போம். "இது தொழில் பிரச்சினை இல்லையே" என்று கேட்பார்கள். பகல் ஒன்றரைக்கும் ஐந்துக்கும் இடையில் நாங்கள் எங்கே இருக்கிறோம் என்று திருப்பிக் கேட்கத் தயாராக இருக்கிறோம்.

வருகிற ஞாயிறு காலை ஒன்பது மணிக்கு இளைஞர் பிரிவுப் பிள்ளைகள் கோயில் மண்டபத்தில் மேசை போட்டு உட்காருவார்கள். போனையும் டெப்பையும் சார்ஜ் பண்ணிக் கொண்டுவாருங்கள். சிம் உள்ள போன் கையில் இருக்க வேண்டும், ஜிமெயில் திறக்க அதற்குத்தான் இலக்கம் வரும். பிள்ளைகளின் பிறந்த திகதியை எழுதிக்கொண்டு வாருங்கள். ஒரு சிறிய கொப்பியும் பேனையும் வேண்டும். பின் நம்பரை நீங்களேதான் அடிக்க வேண்டும், எங்கள் பிள்ளைகள் அந்த நேரம் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். அப்பாயி, அம்மாயிமாரையும் கூட்டிக்கொண்டு வாருங்கள். பகலில் டெப் அவர்கள் கையில்தான் இருக்கிறது.